முதலில் சிவப்பு, பிறகு மஞ்சள்

உன் போனின் உறை இப்போது என்னிடம் இருக்கிறது. வாங்கியபோது கண்ணாடி மாதிரி இருந்து, பிறகு பழுப்பேறிப்போன அதே ரப்பர் உறை. அதன் பின்பக்க ஓரத்தில், உன் அம்மாவின் கட்டைவிரல் அகலத்துக்கு ஒரு மஞ்சள் கறை இருக்கிறதே, அதுவும் அப்படியே இருக்கிறது. சோப்புப் போட்டுத் தேய்த்துப் பார்த்தேன், போகவில்லை. இன்று பள்ளிப் பையில் பேனா தேடியபோது உறைதான் கையில் வந்தது. அதனால் எழுத உட்கார்ந்தேன். போன ஞாயிற்றுக்கிழமை நடந்ததை நான் சொல்லாவிட்டால் உனக்கு யார் சொல்வார்கள்?

அன்று காலையில் உன் அம்மா மாங்காய் மண்டிக்குப் போகும் முன் எங்கள் வீட்டு வாசலில் நின்று கூப்பிட்டார்கள். கையில் உன் போன் இருந்தது. அவர்களுடைய போனில் ஒரு மாதமாகப் பேச்சே கேட்பதில்லையாம். எந்த மண்டியில் லோடு இறங்குகிறது, காய் பிரிக்க எத்தனை பேர் வேண்டும் என்று மேஸ்திரி விடியற்காலையில் போனில்தான் சொல்வார். கேட்காவிட்டால் அன்றைக்கு வேலை இல்லை. உன்னுடையதை எடுத்துக்கொள்ளலாம் என்றால் அது தொட்டால் நிற்கிறது, நின்றால் நகர மறுக்கிறது. சித்தூரில் கடைக்காரர் பார்த்துவிட்டு, உள்ளே இருப்பதையெல்லாம் அழித்துவிட்டால் நன்றாக ஓடும் என்று சொல்லியிருக்கிறார்.

"போட்டோவெல்லாம் அவரு வேற எடத்துல ஏத்தி வெச்சிட்டாரு. அந்தக் கட்டை கேம் ஒண்ணுதான் பாக்கி. சாயங்காலம் பஸ்ல போய்க் குடுக்கணும்" என்றார்கள். பிறகு, போனை என்னிடம் நீட்டிக்கொண்டே, "அவ அதுக்குள்ள எங்கயோ நின்னுக்கினு கீறா. நீ அவள வூட்ல வுட்டுடு பாப்பா. அப்பறம் அழிச்சிடலாம்" என்றார்கள்.

எப்போதிலிருந்து என்று கேட்டேன், சொன்னார்கள். திருப்பதி ஆஸ்பத்திரியில் கடைசி வாரம் நீ படுத்துக்கொண்டே விளையாடினாயாம். "வழி தெர்லமா, வூட்டுக்கு வழி தெர்ல" என்று நீ சொல்லிக்கொண்டிருக்க, அவர்கள் நிஜமான வீட்டைத்தான் கேட்கிறாய் என்று நினைத்து, சித்தூர் பஸ் ஏறணும், அங்கிருந்து பங்காருபாளையம், அப்புறம் ஆட்டோ என்று சொல்லியிருக்கிறார்கள். நீ சிரித்துவிட்டுப் போனைக் காட்டினாயாம்.

"காட்டுக்குள்ள ஒரு பொம்மை நின்னுக்கினு இருந்துச்சி. காலைல பாத்துக்கலாம் தூங்குன்னு நான்தான் புடுங்கி வெச்சேன். காலைல அவள வேற வார்டுக்கு மாத்திட்டாங்க" என்று சொல்லிவிட்டு, மண்டிக்கு நேரமாகிவிட்டது என்று போய்விட்டார்கள்.

அந்தக் கேமுக்குள் இருக்கும் உலகத்தை இன்னொரு போனில் நகல் எடுத்து வைக்கலாம் என்று எனக்குத் தெரியும். ஆனால் எங்கள் வீட்டில் இருப்பது நைனாவின் பட்டன் போன் ஒன்றுதான். அதனால் சாயங்கால பஸ் வருவதற்குள் உன் பொம்மையை அங்கே நாம் கட்டிய வீட்டில் சேர்க்க வேண்டும். வேறு நாள் கிடையாது.

நாம் சேர்ந்து விளையாட ஆரம்பித்ததே கேம்ஸ் பீரியடில்தான், ஞாபகம் இருக்கும். உன் இதயத்தில் ஒரு வால்வு சரியாக மூடவில்லை, அதனால் நீ ஓடக் கூடாது. எனக்கு ஓடப் பிடிக்காது. இரண்டு பேரையும் வேப்பமரத்தடியில் உட்கார வைத்தார்கள். நான் புத்தகம் படித்தேன், நீ நான் படிப்பதைப் பார்த்துச் சலித்துப்போனாய்.

"ஏய் லைப்ரரி, அந்தப் புக்குல இன்னா கீது?"

"ஒருத்தர் கப்பல்ல போறாரு. வழி தவறிடுது."

"எங்கூட வா. சாயங்காலம் நான் உன்ன நெஜமாவே வழி தவற வெக்கறேன்."

அப்படித்தான் உன் வீட்டுக்கு வந்தேன். எல்லாமே சதுரக் கட்டையாக இருந்த உலகம் அது. மரம், மாடு, மேகம், சூரியன்கூடச் சதுரம். முடிவே இல்லாமல் நடந்துகொண்டே போகலாம் என்று நீ சொன்னபோது, உன் குரலில் இருந்த சந்தோஷம் எனக்கு முதலில் புரியவில்லை. பள்ளி வராந்தாவின் ஒரு முனையிலிருந்து மறு முனைக்குப் போக நீ நடுவில் ஒரு முறை நிற்பாய். அந்த உலகத்தில் உனக்கு மூச்சு வாங்கவே வாங்காது.

ஒரு போன், ஒரு பொம்மை. நீ நடப்பாய், நான் பக்கத்தில் உட்கார்ந்து திசை சொல்வேன். ஆற்றங்கரையில் மொட்டையான ஒரு மலையின் அடியில் வீடு கட்டினோம். கதவு, அடுப்பு, ஒரு கட்டில். நன்றாகக் கட்டினோம். ஆனால் வீட்டைவிட்டு வெளியே போனால் திரும்பி வர நமக்குத் தெரியவில்லை.

அதற்குக் காரணம் நீதான். கோபப்படாதே, நடந்ததைத்தான் சொல்கிறேன்.

உன் உடம்பு தேற வேண்டும் என்று உன் அம்மா திருமலைக்குப் படிபூஜை வேண்டிக்கொண்டார்களே, அந்தப் பயணத்திலிருந்துதான் இது தொடங்கியது. மலையடியில், அலிபிரியில், அவர்கள் குனிந்து முதல் படிக்கு மஞ்சள் தடவி, அதன்மேல் குங்குமம் வைத்து, அடுத்த படிக்குப் போனார்கள். நீ கீழே பைகளுக்கு நடுவில் உட்கார்ந்து, அவர்கள் வளைவில் மறைகிறவரை பார்த்துக்கொண்டே இருந்தாய். நீ ஏறக் கூடாது. என் அம்மாவும் நானும் உன்னைப் பஸ்ஸில் கூட்டிக்கொண்டு போனோம். பாதி மலையில் நீ என்னை இடித்தாய்.

"ஏண்டி, எதுத்தாப்புல ஒரு பஸ்கூட வரலியே? மேல போனவங்க யாரும் எறங்க மாட்டாங்களா?"

முன் சீட்டில் இருந்த ஒரு பெரியவர் திரும்பி, "ஏறறதுக்கு ஒரு ரோடும்மா, எறங்கறதுக்கு வேற ரோடு. இங்க எதிர்ல எவனும் வர மாட்டான்" என்றார். நீ அதை அப்படியே பிடித்துக்கொண்டாய். உன் அம்மா சாயங்காலம் மேலே வந்து சேர்ந்தபோது அவர்களுடைய விரல்கள் மஞ்சளாக இருந்தன. அதே கையோடு உன் போனை வாங்கி உன்னைப் படம் எடுத்தார்கள். இந்தக் கறை அப்போது பட்டதுதான். இறங்கும்போது வேறு ரோட்டில் இறங்கினோம்.

அதற்குப் பிறகு நம் விளையாட்டில் உனக்கு இரண்டு சட்டங்கள் வந்துவிட்டன. போகும்போது வழியெல்லாம் பூ நட வேண்டும்: முதல் கட்டையில் மஞ்சள் பூ, அடுத்த கட்டையில் சிவப்புப் பூ. மஞ்சளுக்கு அப்புறம்தான் குங்குமம். கொஞ்ச தூரம் போய் மறுபடி மஞ்சள், சிவப்பு. இதுவரை நல்ல யோசனைதான். இரண்டாவது சட்டம்தான் தொல்லை. அந்தப் பூக்களைப் பார்த்துக்கொண்டே திரும்பி வராமல், நீ வேறு பக்கம் கிளம்புவாய்.

"பூ அங்க கீதுடி. இந்தப் பக்கம் ஏன் போற?"

"போற வழி வேற, வர்ற வழி வேற. மலையிலயே அப்படித்தான் வெச்சிருக்காங்க. நீ புதுசா ரூல்ஸ் பேசாத."

"அப்ப வர்ற வழிக்கும் பூ நடு."

"எறங்கறப்ப யாராவது படிபூஜை பண்ணுவாங்களா? லைப்ரரின்னு பேரு, இதுகூடத் தெர்ல."

இப்படிப் பேசியே நாம் எத்தனை காட்டில் மாட்டிக்கொண்டோம். ஒரு முறை ராத்திரி வந்து, எலும்புக்கூடுகள் அம்பு விட ஆரம்பித்ததும் நான் பயந்துபோய், "செத்துடலாம்டி. செத்தா நேரா நம்ம கட்டில்ல எழுந்துக்கலாம்" என்றேன். அந்த விளையாட்டில் வீட்டுக்கு வர அதுதான் குறுக்கு வழி. நீ ஒத்துக்கொள்ளவில்லை. "பையில கீறதெல்லாம் இங்கயே கொட்டிடும். கஷ்டப்பட்டு எடுத்தது. நான் நடந்தே வரேன்" என்று தரையைத் தோண்டி உள்ளே இறங்கி, மேலே மண்ணை மூடிக்கொண்டு விடியும்வரை நின்றாய். நாமும் போனைக் கீழே வைத்துவிட்டு வேர்க்கடலை தின்றோம்.

ஞாயிற்றுக்கிழமை நான் அந்த உலகத்தைத் திறந்தபோது உன் பொம்மை வெள்ளை மரங்கள் நிறைந்த ஒரு காட்டில் நின்றிருந்தது. அங்கே சூரியன் சாயும் நேரம். பசி பாதிக்கு வந்திருந்தது. பையில் இரண்டு ரொட்டி, கொஞ்சம் மண், மஞ்சளும் சிவப்புமாக மிச்சப் பூக்கள், அவற்றோடு நம் வீட்டுப் பக்கம் முளைக்காத கருமரத்தின் கன்றுகள் நிறைய. கன்றுகளைப் பார்த்ததும் எதற்காக அவ்வளவு தூரம் போனாய் என்று புரிந்தது. நம் வீட்டுக்குப் பின்னால் மொட்டை மலையில் நீ மண்படி கட்டிக்கொண்டிருந்தாய். "ஏர்றவங்களுக்கு நெழல் வோணும். அகலமா எல கீற மரமா வெக்கணும்" என்று சொல்லியிருந்தாய்.

நான் முதலில் செய்தது புத்தகக்காரி செய்கிற வேலை. நீ அணைத்து வைத்திருந்த, நிற்கும் இடத்தைத் திரையில் காட்டும் எண்களைப் போட்டுப் பார்த்தேன். நீ நிற்கும் இடத்தின் எண் மூலையில் தெரிந்தது. ஆனால் நம் வீட்டின் எண்ணை நாம் ஒருநாளும் பார்த்ததில்லை. வீடு எங்கே என்று தெரியாவிட்டால், நிற்கும் இடம் தெரிந்து பயனில்லை. அணைத்துவிட்டேன்.

சுற்றிலும் தேடினேன். ஒரு பூகூட இல்லை. அதற்குள் இருட்டிவிட, உன்னைப் போலவே தோண்டி உள்ளே நின்றேன். எப்போது வெளியே வந்தாலும் ஏதோ ஒன்று துரத்தியது. மறுபடி தோண்டினேன். இப்படியே பொழுது போய்க்கொண்டிருந்தது. மதியம் தாண்டி உன் அம்மா வந்தபோது உன் பொம்மை காலையில் நின்ற இடத்திலிருந்து அதிகம் நகரவில்லை. ஒரு ரொட்டி மட்டும் குறைந்திருந்தது.

மாங்காய்ப் பால் பட்டுக் கறுத்த கையைப் புடவையில் துடைத்துக்கொண்டு அவர்கள் என் பக்கத்தில் உட்கார்ந்தார்கள். பஸ்ஸுக்கு இன்னும் கொஞ்ச நேரம்தான் இருந்தது. என்னால் சொல்லாமல் இருக்க முடியவில்லை.

"அத்த, சீக்கிரமா போறதுக்கு ஒரு வழி கீது. இது செத்துட்டா ஒடனே வூட்டுக் கட்டில்ல எழுந்துக்கும்."

அவர்கள் திரையையே பார்த்துக்கொண்டிருந்தார்கள். நான் ஏன் சொன்னேன் என்று ஆகிவிட்டது.

"வோணாம். நடந்தே இட்டுக்கினு வா. பஸ் போனா அடுத்த பஸ்" என்றார்கள்.

அதற்குப் பிறகுதான் நான் ஒழுங்காக யோசித்தேன். நீ நின்ற இடத்தில் பூ இல்லை. அப்படியென்றால் நீ போய்க்கொண்டிருக்கவில்லை, வீட்டுக்குத் திரும்பிக்கொண்டிருந்தாய், வேறு வழியில். போன வழி எங்கேயோ ஓர் இடத்தில் முடிந்திருக்க வேண்டும். அது கன்று எடுத்த இடமாகத்தான் இருக்கும். பையிலிருந்த மண்ணைக் காலடியில் ஒவ்வொரு கட்டையாகப் போட்டு அதன்மேல் ஏறி நின்றேன். மர உச்சிக்கு மேலே வந்ததும், ஒரு பக்கத்தில் கறுப்பாக ஒரு காடு தெரிந்தது. இறங்கி அந்தப் பக்கம் நடந்தேன்.

"இன்னாமே, இன்னும் உள்ளயே போய்க்கினு கீற?"

"அங்கதான் அவ நட்ட பூ கீது அத்த."

இருந்தது. கருமரங்களின் ஓரத்தில் ஒரு மஞ்சள் பூ, பக்கத்தில் ஒரு சிவப்புப் பூ. யாரும் தொடாமல், வாடாமல், நீ வைத்த மாதிரியே. உன் அம்மா திரையில் விரல் வைத்தார்கள். பூவை நன்றாகப் பார்க்க நினைத்திருப்பார்கள். பொம்மை சட்டென்று வேறு பக்கம் திரும்பிவிட்டது. கையை எடுத்துக்கொண்டார்கள்.

காட்டின் ஓரமாக இரண்டு பக்கமும் பூக்கள் போயின. நீ மரம் தேடி அங்குமிங்கும் அலைந்திருக்கிறாய். எந்தப் பக்கம் வீடு? பூ வழியைச் சொல்லும், திசையைச் சொல்லாது. நான் முழித்துக்கொண்டிருந்தபோது உன் அம்மா, "மஞ்சள் எந்தப் பக்கம், குங்குமம் எந்தப் பக்கம்?" என்று கேட்டார்கள். எத்தனை படிக்குக் குனிந்து தடவிய கை அது. மஞ்சளிலிருந்து சிவப்பைப் பார்த்தால் நீ போன திசை. சிவப்பிலிருந்து மஞ்சளைப் பார்த்தால் வீடு. முதலில் சிவப்பு, பிறகு மஞ்சள் என்று வரும்படி நடக்க ஆரம்பித்தேன். அதாவது, உன் சட்டத்தை மீறி, போன வழியிலேயே உன்னைத் திருப்பி அழைத்துவந்தேன்.

நடுவில் ஒரு மணல்வெளி வந்தது. மணலில் பூ நிற்காது. கடைசிப் பூக்கள் காட்டிய திசையில் மேகங்களும் போய்க்கொண்டிருந்தன. அந்த உலகத்தில் மேகம் எப்போதும் மேற்கேதான் போகும், நாம் இரண்டு பேரும் கண்டுபிடித்தது. மேகத்தோடு சேர்ந்து நடந்தேன். பசி குறைந்துகொண்டே வந்தது. கடைசி ரொட்டியை நடுமணலில் தின்ன வைத்தேன். "துன்னட்டும், துன்னட்டும்" என்றார்கள் உன் அம்மா. மணல் முடிந்து புல் தொடங்கிய இடத்தில், கொஞ்சம் தள்ளி இடது பக்கத்தில், சிவப்பு. அதற்கு அடுத்தது மஞ்சள்.

சாயங்கால பஸ் ஹாரன் அடித்துக்கொண்டு போனது. இரண்டு பேரும் எழுந்திருக்கவில்லை.

ஆறு வந்தது. பிறகு மொட்டை மலை. பிறகு நம் கதவு. உள்ளே போய்க் கதவைச் சாத்தினேன். அடுப்பு, கட்டில், நீ சுவரில் மாட்டிய விளக்கு எல்லாம் இருந்தன. உன் அம்மா ஒவ்வொன்றாகப் பார்த்தார்கள். பிறகு, "பின்னாடி படி கட்டிக்கினு இருந்தேன்னு சொல்லுவாளே, அது எங்க?" என்றார்கள்.

காட்டினேன். படிகளின் இரண்டு பக்கமும் கன்றுகளை நட்டோம். நான்கு நான்காகச் சேர்த்து நட்டால்தான் கருமரம் வளரும், அப்படியே நட்டேன். "வளர்றத பாக்க முடியாதா?" என்றார்கள். நேரம் ஆகும் என்றேன். "செரி வுடு. நட்டாச்சில்ல" என்றார்கள். பிறகு, போனை வாங்கிக்கொண்டார்கள். எப்படி நடக்க வைப்பது, எப்படிக் குதிக்க வைப்பது என்று சொல்லிக்கொடுத்தேன். உன் அம்மா தன் கட்டைவிரலால் உன்னை ஒவ்வொரு படியாக ஏற்றினார்கள். இரண்டு முறை பக்கத்தில் இடித்தாய், ஒரு முறை பின்னால் சறுக்கினாய். ஆனாலும் நிற்காமல் உச்சிவரை ஏறினாய்.

"எறங்க வேற வழி கீதா?"

"இல்ல அத்த. அத அப்பறமா கட்றேன்னு சொன்னா."

போன படியிலேயே இறக்கினார்கள். பாதியில் விரலை எடுத்துவிட்டுத் திரையைப் பார்த்தபடி, "வழி வேற மாதிரிதான் கீது. ஏர்றப்ப மலை தெரிஞ்சுது. எறங்கறப்ப வூடு தெரியுது" என்றார்கள்.

நான் உன்னைக் கட்டிலில் படுக்க வைத்தேன். திரை இருண்டது. அங்கே விடிவதற்குள் உன் அம்மா, "போதும், தூங்கட்டும்" என்று போனை அணைத்துவிட்டார்கள்.

கடைசி பஸ்ஸுக்கு அவர்களோடு ரோடுவரை போனேன். பஸ் வருவதற்கு முன், போனிலிருந்து இந்த உறையைக் கழற்றி, "புதுசு போட்டுத் தருவாங்க. இத நீ வெச்சிக்க" என்று கொடுத்தார்கள். இப்போது மேஸ்திரி கூப்பிடுவது அவர்களுக்கு நன்றாகக் கேட்கிறதாம்.

பஸ் போனதும் நான் அதே ரோட்டில் வீட்டுக்குத் திரும்பி நடந்தேன். அந்த ரோட்டில் நாம் தினமும் போய் வந்திருக்கிறோம். போகும்போது இடது பக்கம் இருந்த மாந்தோப்பு வலது பக்கம் வந்தது. அதன் முடிவில், போகும்போது என் முதுகுக்குப் பின்னால் இருந்ததால் நான் பார்க்காத ஒன்று தெரிந்தது. நம் தெரு. முன்னால் உன் வீடு, அதைத் தாண்டி என் வீடு. நீ சொன்னது சரிதான். போகிற வழி வேறு, வருகிற வழி வேறு. அதற்கு இரண்டு ரோடு தேவையில்லை.

இப்போதெல்லாம் புதிதாக எங்கே போனாலும், கொஞ்ச தூரத்துக்கு ஒரு முறை நின்று திரும்பிப் பார்த்துவிட்டுப் போகிறேன்.